கடலைத் தூர்க்கக் கொடுத்த கெடு: ஜப்பானில் கால நீட்டிப்பைப் படிப்பதும் கோர்ட்டுக்குக் கொண்டுபோவதும்

ஜப்பானில் கடலோர ஊர்களில் குடியிருக்கும் தமிழர்களும், இங்கே சட்டமோ சுற்றுச்சூழலோ படிக்க வந்த மாணவர்களும் என்னிடம் அடிக்கடி கேட்கும் கேள்வி இது: "எங்கள் ஊர்ப் பக்கம் கடலைத் தூர்க்கப் போகிறார்களாம். அனுமதி கொடுத்துப் பல வருஷம் ஆகிவிட்டது. இனி ஏதாவது செய்ய முடியுமா?" செய்ய முடியும், ஆனால் எங்கிருந்து தொடங்குவது என்று தெரிய வேண்டும். நான் ஹிரோஷிமாவில் ஆவண மொழிபெயர்ப்பு செய்கிறேன். அரசு அலுவலகத் தாள்களைப் படிப்பதுதான் பிழைப்பு. பிறந்தது திருச்செந்தூருக்குத் தெற்கே ஒரு கடற்கரை ஊர். மீன்பிடிக்கும் ஊருக்குக் கடல் போனால் என்ன போகும் என்பதை யாரும் எனக்கு விளக்க வேண்டியதில்லை. அதனால் இந்த விஷயத்தைச் சம்பளமில்லாத வேலையாகவும் எடுத்துப் படித்துக்கொண்டிருக்கிறேன். நான் வக்கீல் இல்லை. வக்கீலிடம் போவதற்கு முன் உங்கள் கையில் என்னென்ன இருக்க வேண்டும் என்பதை மட்டும் சொல்கிறேன்.

பெரும்பாலானோர் அனுமதி கொடுத்தது சரியா தவறா என்றே வாதாடிக்கொண்டிருக்கிறார்கள். நான் முதலில் பார்ப்பது கெடுவை. ஜப்பானில் கடல், ஆறு, ஏரி போன்ற பொது நீர்ப்பரப்பைத் தூர்ப்பதற்கென்று 1921-இல் போட்ட சட்டம் இன்றும் நடைமுறையில் இருக்கிறது. அதன்படி உரிமம் கொடுப்பவர் மாகாண ஆளுநர். (இங்கே ஆளுநர் என்றால் மக்கள் ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுப்பவர். நம் ஊர் ராஜ்பவனை மனதில் வைத்துக்கொள்ளாதீர்கள்.) உரிமம் கொடுக்கும்போதே வேலையை எப்போது தொடங்க வேண்டும், எப்போது முடிக்க வேண்டும் என்று அவர் கெடு குறிக்க வேண்டும் என்கிறது 13-ஆம் பிரிவு. கெடுவுக்குள் வேலை நடக்கவில்லை என்றால் உரிமம் செல்லாமல் போகும் என்கிறது 34-ஆம் பிரிவு. கெடுவை நீட்ட வேண்டுமானால் "நியாயமான காரணம்" இருக்கிறது என்று ஆளுநர் ஒப்புக்கொள்ள வேண்டும், இது 13-2. இந்த மூன்று பிரிவுகளையும் முதலில் ஒரு தாளில் எழுதி மேசையில் ஒட்டிக்கொள்ளுங்கள். பத்து வருஷத்துக்கு முன் கொடுத்த உரிமத்தை இன்று எதிர்க்க முடியாமல் போகலாம். ஆனால் ஒவ்வொரு நீட்டிப்பும் ஒரு புது முடிவு, அதற்குப் புதுக் காரணம் வேண்டும், அதற்கு எதிரான வழக்கின் கணக்கும் புதிதாகத் தொடங்கும்.

இதை உதாரணம் இல்லாமல் விளக்குவது கஷ்டம். யாமகுச்சி மாகாணத்துக் கமினோசெகியை எடுத்துக்கொள்கிறேன். சுகோகு மின் நிறுவனம் அங்கே அணுமின் நிலையம் கட்டப் போவதாக 1982-இல் பேச்சு வந்தது. நாகாஷிமா என்ற தீவின் முனையில் தானோஉரா என்ற சிறு வளைகுடா. அதில் சுமார் 14 ஹெக்டேர் கடலைத் தூர்க்க வேண்டும் என்பது திட்டம். நேர் எதிரே ஏறத்தாழ 4 கிலோமீட்டர் தள்ளி இவாயிஷிமா தீவு. அந்தத் தீவின் மீனவர்கள், தங்கள் பங்காக வந்த 100 கோடி யென்னுக்கும் மேலான நஷ்ட ஈட்டை வாங்க மறுத்தவர்கள். திங்கட்கிழமைகளில் தீவின் சந்துகளில் ஊர்வலம் போவது அவர்களுடைய பல வருஷ வழக்கம். கூடங்குளத்தைப் பார்த்த கண்ணுக்கு இதெல்லாம் அந்நியமாகத் தெரியாது.

இப்போது தேதிகள். உங்கள் ஊர் விஷயத்திலும் இதே வரிசையில் ஒரு பட்டியல் போட வேண்டும் என்பதால் பொறுமையாகப் பாருங்கள். உரிமம் 2008 அக்டோபர் 22. வேலை தொடங்கியது 2009 அக்டோபர். தொடங்கியதிலிருந்து மூன்று வருஷத்துக்குள் முடிக்க வேண்டும் என்பது கெடு, ஆகவே 2012 அக்டோபர் 6-ஆம் தேதியோடு முடிகிறது. இடையில் 2011 மார்ச்சில் ஃபுகுஷிமா விபத்து, வேலை நின்றுபோனது. நிறுவனம் நீட்டிப்புக்கு மனுப் போட்ட நாள் 2012 அக்டோபர் 5. கெடு முடிவதற்கு முதல் நாள்!

அந்த ஒரு நாளில்தான் எல்லாம் இருக்கிறது. கெடுவுக்குள் மனு வந்துவிட்டால், அதன் மேல் முடிவு எடுக்கும்வரை உரிமம் உயிரோடு இருப்பதாகவே அலுவலகம் நடத்தும். அன்றைய ஆளுநர் யாமமோதோ ஷிகெதாரோ, நீட்டிப்பு தர மாட்டேன் என்று வெளிப்படையாகச் சொன்னவர். ஆனால் மறுத்து உத்தரவு போடவில்லை. கூடுதல் விளக்கம் கொடுங்கள் என்று நிறுவனத்தைக் கேட்டார், பதில் வந்தது, மறுபடியும் கேட்டார். இப்படியே போய், 2014-இல் அவருக்குப் பின் வந்த முராஓகா சுகுமாசா 2016 ஆகஸ்ட் 3 அன்று நீட்டிப்பு கொடுத்தார். 2012-இல் முடிந்திருக்க வேண்டிய கெடு 2019 ஜூலைக்குப் போனது. 2019 ஜூலை 26 அன்று இன்னொரு நீட்டிப்பு, 2023 ஜனவரி வரை. 2022 நவம்பர் 28 அன்று மூன்றாவது, 2027 ஜூன் வரை. மூன்று வருஷக் கெடு எப்படிப் பதினேழு வருஷத்துக்கும் மேல் நீண்டது என்பது இந்தப் பட்டியலைப் போட்டால்தான் கண்ணில் படும். செய்தித்தாளில் துண்டு துண்டாகப் படித்தால் படாது.

ஆகவே உங்கள் முதல் வேலை: உரிம நாள், வேலை தொடங்கிய நாள், கெடு நாள், நீட்டிப்பு மனு அலுவலகத்தில் பதிவான நாள், நீட்டிப்பு உத்தரவு நாள். மனு பதிவான நாளை விட்டுவிடாதீர்கள். அது கெடுவுக்குப் பிந்தியதாக இருந்தால் கதையே வேறு. அப்போது உரிமம் செத்துவிட்டது. சட்டத்தில் மூன்று மாதத்துக்குள் அதற்கு மறுபடி உயிர் கொடுக்க ஆளுநருக்கு ஒரு வழி இருக்கிறது என்றாலும், அது தனி முடிவு, அதற்குத் தனிக் காரணம் காட்ட வேண்டும்.

தேதிக்கு அடுத்து, தூர்ப்பது யார் என்று பாருங்கள். கம்பெனியோ மாகாணமோ நகராட்சியோ தூர்த்தால் அது உரிமம், "மென்கியோ". ஜப்பான் அரசே தூர்த்தால் அது ஒப்புதல், "ஷோனின்". ஒப்புதலுக்கான 42-ஆம் பிரிவில், கெடு குறிப்பது, உரிமம் காலாவதியாவது பற்றிய பிரிவுகள் சேர்க்கப்படவில்லை. ஒகினாவாவின் ஹெனோகோவில் அமெரிக்க ராணுவ விமான தளத்துக்காகக் கடலைத் தூர்ப்பது இந்த வகை. அங்கே 2013 டிசம்பரில் கிடைத்த ஒப்புதலுக்குப் பிறகு கடலடியில் இளகிய மண் இருப்பது பெரிய பிரச்சினையாக வந்து, 2020 ஏப்ரலில் வடிவமைப்பை மாற்ற மனுப் போட்டார்கள். ஆளுநர் தமாகி டென்னி 2021 நவம்பரில் மறுத்தார். வழக்கு உச்ச நீதிமன்றம்வரை போய் 2023 செப்டம்பர் 4 அன்று அவருக்கு எதிராக முடிந்தது. அதன் பின்னும் அவர் கையெழுத்துப் போடாததால், 2023 டிசம்பர் 28 அன்று மத்திய அமைச்சரே அவர் இடத்தில் இருந்து ஒப்புதல் கொடுத்துவிட்டார். அங்கே சண்டை மண்ணைப் பற்றியும் அதிகாரத்தைப் பற்றியும். நான் இங்கே சொல்லும் கெடு வழி உரிமத்துக்குத்தான் பொருந்தும். இரண்டையும் குழப்பிக்கொண்டு வக்கீலிடம் போனால் முதல் ஒரு மணி நேரம் அதைத் தெளிவாக்குவதிலேயே போகும்.

சரி, இப்போது தாள்களை வாங்க வேண்டும். மாகாண அலுவலகத்தில் தகவல் வெளியீட்டுப் பிரிவு இருக்கும். நம் ஊர் ஆர்டிஐ மனு போலத்தான், படிவம் ஒரு பக்கம். "நீட்டிப்பு சம்பந்தமான எல்லா ஆவணங்களும்" என்று எழுதினால் தேடுகிறோம் தேடுகிறோம் என்று நாளைக் கடத்துவார்கள். பெயர் சொல்லிக் கேளுங்கள்: நீட்டிப்பு மனு, அதோடு வைத்த காரண விளக்கம், வேலை அட்டவணை, அலுவலகம் அனுப்பிய ஒவ்வொரு கூடுதல் விளக்கக் கடிதமும் அதற்கு வந்த பதிலும், பரிசீலனை அறிக்கை, அதிகாரிகள் வரிசையாக முத்திரை குத்திய முடிவுத் தாள், உத்தரவோடு அனுப்பிய தனிக் கடிதங்கள். கடைசியாகச் சொன்னது ரொம்ப முக்கியம், ஏன் என்று பின்னால் சொல்கிறேன். படிவத்தில் ஜப்பானிய மொழியில் எழுத, வேலை முடிக்கும் கெடு என்பதற்கு "ஷுன்கோ கிகன்", நீட்டிப்புக்கு "ஷின்ச்சோ" என்ற சொற்களைப் பயன்படுத்துங்கள். சட்டத்தில் இருக்கும் சொற்கள் இவைதான். மனு எந்த மேசைக்குப் போக வேண்டும் என்று அலுவலர் உடனே புரிந்துகொள்வார்.

கறுப்பு மை பூசிய பக்கங்கள் வரும். எந்த விதியின் கீழ் மறைத்தார்கள் என்று ஒவ்வொரு இடத்துக்கும் சொல்லியாக வேண்டும், அந்தக் காரணத் தாளையும் சேர்த்து வைத்துக்கொள்ளுங்கள்.

தாள்களைப் படிப்பது எப்படி? இரண்டு கேள்விகளை எழுதி வைத்துக்கொண்டு படியுங்கள். யாமகுச்சி மாகாணமே நீட்டிப்பைப் பரிசீலிக்கும்போது இந்த இரண்டைத்தான் கேட்டது. ஒன்று, கெடுவுக்குள் முடிக்க முடியாமல் போனதற்கு ஏற்றுக்கொள்ளக்கூடிய காரணம் இருக்கிறதா? இரண்டு, இனியும் தூர்த்துக்கொண்டே போவதற்குப் போதுமான காரணம் இருக்கிறதா? முதலாவது நேற்றைப் பற்றியது, இரண்டாவது நாளையைப் பற்றியது. மனு எழுதுபவர்கள் முதல் கேள்விக்குப் பக்கம் பக்கமாகப் பதில் எழுதிவிட்டு இரண்டாவதை ஒரு பத்தியில் தாண்டிவிடுவார்கள். உங்கள் பென்சில் நிற்க வேண்டிய இடம் அந்த ஒரு பத்தி.

கமினோசெகியில் மூன்று நீட்டிப்புகளின் காரணங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். 2016-இல் நாளைய தேவைக்கு ஆதாரமாகக் காட்டியது, அந்த இடத்தை "முக்கிய மின் உற்பத்தி மேம்பாட்டு இடம்" என்று மத்திய அரசு 2005-இல் குறித்தது இன்னும் ரத்தாகவில்லை என்ற பதில். அதாவது, நிலையம் எப்போது கட்டப்படும் என்று யாரும் சொல்லவில்லை. பழைய பட்டியலில் பெயர் இருக்கிறது, அவ்வளவே. 2019-இல் காரணம் மாறியது. விபத்துக்குப் பின் வந்த புதிய பாதுகாப்பு விதிகளுக்காகக் கடலடியில் துளை போட்டு நிலப்பிளவு இருக்கிறதா என்று பார்க்க வேண்டும், அதற்குக் காலம் வேண்டும் என்றார்கள். 2022-இல், அந்தத் துளை ஆய்வைச் செய்ய முடியவில்லை, மீனவர் படகுகள் அங்கே இருக்கின்றன, ஆகவே இன்னும் காலம் வேண்டும் என்றார்கள். தூர்ப்பதற்காகக் கொடுத்த காலம் இப்போது ஆய்வுக்கான காலமாகிவிட்டது.

அந்த ஆய்வின் முடிவு எப்படி வருமோ யாருக்குத் தெரியும்? நிலப்பிளவு இருக்கிறது என்று வந்தால் தூர்க்கவே தேவையில்லை. அப்படியிருக்க, ஆய்வு முடிவதற்கு முன்பே "தூர்ப்பதற்குப் போதுமான காரணம்" எங்கிருந்து வந்தது? இதை நான் உங்கள் வாயில் திணிக்கவில்லை. மூன்று மனுக்களையும் வரிசையாக வைத்துப் படிப்பவருக்குத் தானாக வரும் கேள்வி இது. உங்கள் ஊர் விஷயத்திலும் ஒவ்வொரு நீட்டிப்பின் காரணத்தையும் ஒரே வாக்கியத்தில் சுருக்கி ஒன்றன் கீழ் ஒன்றாக எழுதுங்கள். காரணம் மாறிக்கொண்டே வருகிறதா, ஒன்றோடொன்று இடிக்கிறதா என்று பாருங்கள்.

உத்தரவோடு போன தனிக் கடிதம் பற்றிச் சொன்னேன் அல்லவா. 2016-இல் நீட்டிப்பு கொடுத்த அதே ஆளுநர், மின் நிலையத்தின் கட்டுமானம் எப்போது தொடங்கும் என்பது தெளிவாகும்வரை தூர்ப்பு வேலையைச் செய்ய வேண்டாம் என்று நிறுவனத்தைக் கேட்டுக்கொண்டார். தூர்ப்பதற்குக் காலம் கொடுக்கிறேன், ஆனால் தூர்க்காதே! அடுத்த நீட்டிப்புகளிலும் இந்த வேண்டுகோள் தொடர்ந்தது. அது சட்ட நிபந்தனை அல்ல, வேண்டுகோள் மட்டும். எனினும், அவசரத் தேவை எதுவும் இல்லை என்பதை அலுவலகமே எழுத்தில் ஒப்புக்கொண்டது போலத்தான் நான் அதைப் படிக்கிறேன். இப்படிப்பட்ட தாள் உங்கள் காகிதக் கட்டுக்குள் இருக்கிறதா என்று கட்டாயம் தேடுங்கள். பத்திரிகையாளர் சந்திப்பில் ஆளுநர் பேசியதன் எழுத்து வடிவம் மாகாண இணையதளத்தில் இருக்கும், அதையும் அச்செடுத்து வையுங்கள்.

இனி கோர்ட். இங்கே முதல் சுவர், வழக்குப் போட உங்களுக்குத் தகுதி இருக்கிறதா என்பது. நம் ஊரில் பொதுநல வழக்கு என்று யார் வேண்டுமானாலும் ஹைகோர்ட்டுக்குப் போகலாம் என்ற பழக்கத்தில் வளர்ந்த நமக்கு இது பெரிய அதிர்ச்சியாக இருக்கும். ஜப்பானில் "சட்டப்படி காக்கப்பட்ட நலன்" உங்களுக்குப் பாதிக்கப்பட்டால்தான் அரசு உத்தரவை ரத்து செய்யக் கேட்கலாம். 1985-இல் ஹொக்காய்தோவின் தாதே அனல்மின் நிலைய வழக்கில், தூர்க்கும் இடத்துக்கு அருகே மீன்பிடிப்பவர்களுக்குக்கூட அந்தத் தகுதி இல்லை என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. பிறகு 2004-இல் நிர்வாக வழக்குச் சட்டத்தைத் திருத்தி, சம்பந்தப்பட்ட மற்றச் சட்டங்களின் நோக்கத்தையும் பாதிப்பின் தன்மையையும் அளவையும் பார்த்தே தகுதியை முடிவு செய்ய வேண்டும் என்றார்கள். 2005 டிசம்பரில் தோக்கியோவின் ஒதாக்யூ ரயில் வழக்கில் உச்ச நீதிமன்றம் அந்தத் திருத்தத்துக்கு ஏற்பக் கதவைக் கொஞ்சம் திறந்தது.

தூர்ப்பு விஷயத்தில் நம்பிக்கை தரும் தீர்ப்பு எங்கள் ஹிரோஷிமாவிலிருந்தே வந்தது. ஃபுகுயாமா நகரின் தொமோனோஉரா பழைய துறைமுகத்தில் பாலம் போடக் கடலைத் தூர்க்கத் திட்டம். உரிமம் கொடுப்பதற்கு முன்பே மக்கள் வழக்குப் போட்டார்கள். 2009 அக்டோபர் 1 அன்று ஹிரோஷிமா மாவட்ட நீதிமன்றம், அந்த ஊரின் காட்சியழகை அனுபவிக்கும் மக்களின் நலன் சட்டம் காக்கும் நலன்தான் என்று சொல்லி, ஆளுநர் உரிமம் கொடுக்கக் கூடாது என்று தடுத்தது. மாகாணம் மேல்முறையீட்டுக்குப் போனாலும் திட்டத்தைப் பின்னால் கைவிட்டது. 2016-இல் விஷயம் முடிந்தது. இதிலிருந்து எடுத்துக்கொள்ள வேண்டியது இரண்டு. உங்களுக்கும் அந்தக் கடலுக்கும் உள்ள தொடர்பை ஆதாரத்தோடு எழுத வேண்டும்: வீட்டிலிருந்து எவ்வளவு தூரம், என்ன தொழில், எந்த மாதம் எந்த மீன், எந்தத் திருவிழாவுக்கு எந்தத் துறையில் படகு இறங்கும், எல்லாமே. அப்புறம், உத்தரவு வரும்வரை காத்திருக்க வேண்டிய அவசியமில்லை. வரப்போகும் உத்தரவைத் தடுக்கவும் வழக்கு உண்டு.

உத்தரவு வந்துவிட்டால் கணக்கு இப்படி. அதை அறிந்த நாளிலிருந்து 6 மாதம், அறியாவிட்டாலும் உத்தரவு நாளிலிருந்து 1 வருஷம். அதற்குள் ரத்து வழக்குப் போட வேண்டும். எத்தனை நாளுக்குள் வழக்குப் போடலாம் என்ற அறிவிப்பு, உத்தரவு யாருக்குப் போகிறதோ அந்தக் கம்பெனிக்குத்தான் போகும். உங்களுக்கு யாரும் சொல்ல மாட்டார்கள், நீங்களேதான் எண்ண வேண்டும். செய்தி வந்த நாளையே அறிந்த நாளாக வைத்து எண்ணுங்கள், பிறகு தகராறு வராது. பிரதிவாதி ஆளுநர் அல்ல, மாகாணம். பணத்தில் அளக்க முடியாத வழக்கு என்பதால் முத்திரைக் கட்டணம் 13,000 யென். வக்கீல் செலவு தனி. கையில் காசு இல்லாதவர்களுக்கு ஹோதெராசு என்ற சட்ட உதவி மையம் இருக்கிறது. முறையான விசாவோடு வசிக்கும் வெளிநாட்டவருக்கும் அது உதவும்.

தகுதிச் சுவரைச் சுற்றிக்கொண்டு போக இன்னொரு பாதை உண்டு, நம்மவர்களில் பலருக்கு இது தெரியாது. மாகாணம் சட்டவிரோதமாகப் பணம் செலவழித்தது என்று காட்ட முடிந்தால், அந்த மாகாணத்தில் குடியிருக்கும் யாரும் முதலில் தணிக்கை மனு, அதாவது அந்தச் செலவைச் சரிபார்க்கக் கேட்கும் மனு, கொடுக்கலாம். ஓட்டுரிமை தேவையில்லை, குடியுரிமையும் தேவையில்லை, குடியிருப்பே போதும். செலவு நடந்த ஒரு வருஷத்துக்குள் மனு கொடுக்க வேண்டும். தணிக்கை முடிவு திருப்தியாக இல்லை என்றால் முடிவு வந்த 30 நாளுக்குள் கோர்ட்டுக்குப் போகலாம். கமினோசெகியில் மக்கள் இந்தப் பாதையைத்தான் பிடித்தார்கள். 2012 முதல் முடிவெடுக்காமல் இழுத்ததே சட்டவிரோதம், அந்த இழுபறிக்காகத் தபாலுக்கும் மற்றதுக்கும் போட்ட செலவும் சட்டவிரோதம் என்று வாதாடினார்கள். தொகை சின்னது. ஆனால் அந்தச் சின்னத் தொகையைப் பிடித்துக்கொண்டு, ஆளுநர் முடிவைத் தள்ளிப்போட்டது சரியா என்ற பெரிய கேள்விக்கு நீதிபதியைப் பதில் சொல்ல வைத்தார்கள். 2018 ஜூலை 11 அன்று யாமகுச்சி மாவட்ட நீதிமன்றம், தள்ளிப்போட்டது சட்டவிரோதம் என்றது. மேல்முறையீட்டில் ஹிரோஷிமா உயர் நீதிமன்றம் அதை மாற்றிவிட்டது. தோற்ற வழக்குதானே என்று ஒதுக்க வேண்டாம். முதல் தீர்ப்பில் நீதிபதி எந்தத் தாளை எப்படிப் படித்தார் என்பதைப் பார்த்தால், அடுத்த முறை எந்தத் தாளைத் தேட வேண்டும் என்று தெரியும்.

கோர்ட்டில் நீதிபதி, ஆளுநர் இடத்தில் உட்கார்ந்து தூர்க்கலாமா வேண்டாமா என்று முடிவு செய்ய மாட்டார். இதைப் புரிந்துகொள்ளாமல் அணுமின் சக்தி நல்லதா கெட்டதா என்று நூறு பக்கம் எழுதிப் பயனில்லை. முடிவுக்கு அடிப்படையான உண்மை தவறா, கட்டாயம் கணக்கில் எடுக்க வேண்டியதை எடுக்காமல் விட்டார்களா, எடுக்கக் கூடாததை எடுத்தார்களா, பொது அறிவுக்கு அப்பட்டமாகப் பொருந்தாத முடிவா என்றுதான் பார்ப்பார். ஹெனோகோ விஷயத்தில் 2016 டிசம்பர் 20 அன்று உச்ச நீதிமன்றம் தந்த தீர்ப்பும் இந்த அளவுகோலில்தான் போனது. முந்தைய ஆளுநர் கொடுத்த ஒப்புதலில் அப்படிப் பெரிய பிழை இல்லை, ஆகவே பின்னால் வந்தவர் அதை ரத்து செய்ததுதான் தவறு என்றார்கள். அளவுகோல் அரசுக்கு வசதியானது, மறைக்க ஒன்றுமில்லை. ஆனால் கெடு வழக்கில் ஒரு சாதகம் உண்டு. "நியாயமான காரணம்" என்று சட்டம் வெளிப்படையாகக் கேட்கிறது. காரணமே இல்லாத இடத்தில் விருப்ப அதிகாரம் (ஆளுநர் தன் விருப்பப்படி முடிவெடுக்கும் அதிகாரம்) என்ற போர்வை அவ்வளவு தூரம் மறைக்காது. அதனால்தான் இரண்டாவது கேள்வியின் அந்த ஒரு பத்தியை அவ்வளவு அழுத்திச் சொன்னேன்.

வழக்குப் போட்டதாலேயே வேலை நிற்காது. ஸ்டே தனியாகக் கேட்க வேண்டும், பெரிய பாதிப்பைத் தடுக்க அவசரத் தேவை இருக்கிறது என்று காட்ட வேண்டும். அது எளிதாகக் கிடைப்பதில்லை. இன்னொரு ஆபத்தும் உண்டு. உத்தரவு சட்டவிரோதம்தான், ஆனாலும் இப்போது ரத்து செய்தால் பொதுநலனுக்குப் பெரும் கேடு என்று சொல்லி வழக்கைத் தள்ளுபடி செய்ய நிர்வாக வழக்குச் சட்டத்தின் 31-ஆம் பிரிவு இடம் தருகிறது. கடல் மண்ணாகிவிட்ட பிறகு கொட்டிய மண்ணைத் திரும்ப அள்ளு என்று சொல்ல நீதிபதிகள் தயங்குவார்கள். லாரியும் மண்கப்பலும் வருவதற்கு முன்பே ஸ்டே மனு தயாராக இருக்க வேண்டும். வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதே இன்னொரு நீட்டிப்பு வந்துவிட்டால் கோரிக்கையையும் அதற்கேற்ப மாற்ற வேண்டியிருக்கும். முதல் சந்திப்பிலேயே வக்கீலிடம் இதைக் கேட்டுவிடுங்கள்.

கடலில் இறங்கித் தடுப்பது பற்றியும் கேட்கிறார்கள். இவாயிஷிமாக்காரர்கள் தங்கள் கடலில் தூண்டில் போட்டுக்கொண்டு நின்றார்கள். அது அவர்கள் வாழ்க்கை, அவர்கள் உரிமை, அதில் எனக்குச் சந்தேகமில்லை. ஆனால் 2022 அக்டோபரில் நிறுவனம் தீவு மக்களின் அமைப்பின் மேல் வழக்குப் போட்டது. 2024 மார்ச்சில் யாமகுச்சி மாவட்ட நீதிமன்றத்தின் இவாகுனி கிளை, ஆய்வைத் தடுக்கக் கூடாது என்று தீர்ப்பளித்தது. நம்மைப் போல விசாவில் இருப்பவர்களுக்கு இன்னொரு கவனமும் தேவை. மெக்லீன் என்ற வெளிநாட்டவர் போட்ட வழக்கில் 1978-இல் உச்ச நீதிமன்றம், வெளிநாட்டவரின் அரசியல் செயல்பாட்டை விசா புதுப்பிக்கும்போது கணக்கில் எடுக்கலாம் என்று சொன்னது. அதனால் நம்மவர்களுக்கு நான் சொல்வது, தகவல் மனு, தணிக்கை மனு, மொழிபெயர்ப்பு, தேதிப் பட்டியல். இந்த வேலைகளுக்கு ஆள் எப்போதும் பற்றாக்குறைதான். வயதான மீனவர் ஒருவருக்கு அறுபது பக்கப் பரிசீலனை அறிக்கையைப் படித்து இரண்டு பக்கத்தில் சுருக்கிக் கொடுத்தால், அவருக்கு ஒரு மாத வேலை மிச்சம்.

கமினோசெகியைப் பொறுத்தவரை அடுத்த கெடு 2027 ஜூன். இதுவரை நடந்த மாதிரியே நடந்தால் அதற்கு முந்தைய சில வாரங்களில் அடுத்த மனு வரும். யாமகுச்சியில் இருப்பவர்கள் அதற்கு முன்பே தயாராகலாம். 2016, 2019, 2022 ஆகிய மூன்று நீட்டிப்புகளின் மனுவையும் பரிசீலனை அறிக்கையையும் தகவல் மனுவில் இப்போதே கேட்டு வாங்கிவிடுங்கள். 2023 ஆகஸ்டில் அதே ஊரில் பயன்படுத்திய அணு எரிபொருளைச் சேமிக்கும் கிடங்குக்கு ஆய்வு செய்யலாமா என்று நிறுவனம் கேட்டு, நகரத் தலைவரும் சம்மதித்திருக்கிறார். அந்தத் தாள்களையும் வாங்குங்கள். மின் நிலையத்துக்காகத் தூர்க்க வேண்டும் என்ற பழைய காரணம் இதன் பக்கத்தில் எப்படி நிற்கிறது என்று ஒப்பிட வேண்டும். பிறகு மாகாண அலுவலகத்தின் துறைமுகப் பிரிவுக்கு ஒரு கடிதம்: நீட்டிப்பு மனு வந்த அன்றே அதை இணையதளத்தில் போடுங்கள், பரிசீலனைக்கு எத்தனை நாள் எடுப்பீர்கள் என்று சொல்லுங்கள். பதில் வந்தாலும் வராவிட்டாலும் அந்தக் கடிதத்தின் நகலில் அலுவலகம் வாங்கிக்கொண்ட முத்திரையைக் குத்தி வாங்கிக் கோப்பில் வையுங்கள்.